எலைட் டேஞ்சரஸ் தனிக்குழுவில் பலரும் செய்யும் தவறுகள்

எலைட் டேஞ்சரஸ் என்ற இணைய விண்கப்பல் விளையாட்டில் நண்பர்களுக்கு மட்டுமான தனிக்குழு அமைப்பது ஒரு நிமிட வேலை. சோஷியல் பக்கத்தில் நண்பரின் கமாண்டர் பெயரை, அதாவது விளையாட்டுக்குள் அவருக்குள்ள பெயரைத் தேடி, நட்பு அழைப்பும் குழு அழைப்பும் அனுப்பினால் முடிந்தது. சிக்கல் அதற்குப் பிறகுதான் தொடங்கும். நான்கு பேர் ஒரே விண்வெளி நிலையத்தின் முன்னால் கப்பலை நிறுத்திவிட்டு, “நான் வந்துவிட்டேன், நீ எங்கே இருக்கிறாய்?” என்று டிஸ்கார்டில் ஒருவரையொருவர் கேட்டுக்கொண்டிருப்பார்கள். யாருக்கும் யாரும் தெரியமாட்டார்கள்.

இப்படிப்பட்ட குழப்பங்களில் பாதிக்கு மேல் ஒரே தவறான நினைப்பிலிருந்து வருகின்றன. தனிக்குழு என்றால் நமக்கென்று ஒரு தனி சர்வர், அதற்குள் நமக்கென்று ஒரு தனி விண்வெளி என்று மைன்கிராஃப்ட் பழகியவர்கள் நினைத்துக்கொள்கிறார்கள். ஃப்ரான்டியர் டெவலப்மென்ட்ஸ் நிறுவனம் 2014 டிசம்பரில் இந்த விளையாட்டை வெளியிட்டதிலிருந்தே ஓப்பன் (எல்லாரோடும்), பிரைவேட் குரூப் (தனிக்குழு), சோலோ (தனியாக) ஆகிய மூன்று முறைகளும் ஒரே பால்வீதியில்தான் நடக்கின்றன. ஏறத்தாழ 40,000 கோடி விண்மீன் தொகுதிகள் கொண்ட அந்தப் பால்வீதி எல்லாருக்கும் பொது. சந்தை விலை பொது, கட்சிகளின் செல்வாக்கு பொது, பவர்பிளே என்ற அதிகாரப் போட்டியின் கணக்கும் பொது. கூட்டுக் குடும்பத்தில் அறைக் கதவைச் சாத்திக்கொள்வது போலத்தான் இதுவும்: உள்ளே யாரும் வரமுடியாது, ஆனால் சமையலறையும் வரவு செலவும் எல்லாருக்கும் ஒன்றே.

இதை மறந்தவர்கள் அதிகம் அடிபடுவது ஃப்ளீட் கேரியர் விஷயத்தில். 2020 ஜூனில் வந்த இந்தப் பெரிய கப்பலின் விலை 500 கோடி கிரெடிட். அவ்வளவு பணம் சேர்த்து வாங்கியவர், தான் தனிக்குழுவில் மட்டுமே விளையாடுவதால் தன் கேரியரும் குழுவினர் கண்ணுக்கு மட்டுமே தெரியும் என்று நம்புகிறார். உண்மையில் அது மூன்று முறைகளிலும் தெரியும். ஓப்பனில் அந்த வழியாகப் போகும் யாரும் அதைப் பார்க்கலாம். அனுமதி திறந்திருந்தால் இறங்கவும், வாங்கவும், விற்கவும் செய்யலாம். நண்பர்கள் கொண்டுவந்து கொடுப்பார்கள் என்று ஒரு சரக்குக்கு நல்ல விலை வைத்துக் கொள்முதல் அறிவிப்பைப் போட்டுவிட்டுத் தூங்கப் போனால், விடிவதற்குள் முகம் தெரியாத யாரோ அதை நிரப்பிப் பணத்தை எடுத்துப் போயிருப்பார். அதில் அவர் செய்த குற்றம் எதுவும் இல்லை. கேரியர் நிர்வாகத்தில் இறங்கும் அனுமதியை நண்பர்கள் அல்லது ஸ்குவாட்ரன் (வீரர்கள் சேரும் சங்கம்) என்று மாற்றிவைப்பது உங்கள் பொறுப்பு.

கேரியரில் இன்னொரு வேடிக்கையும் உண்டு. அதில் இறங்கி நிறுத்திய கப்பல்கள், அவற்றின் உரிமையாளர் விளையாட்டில் இல்லாவிட்டாலும் கேரியரோடு சேர்ந்தே தாவும். ஒரு தாவலுக்கு 500 ஒளியாண்டு வரை. வார இறுதியில் உங்கள் கேரியரில் படுத்துவிட்ட நண்பர், அடுத்த வாரம் கண்விழிக்கும்போது ஊரே தெரியாத இருட்டில் இருப்பார். தாவலைத் திட்டமிடும் முன் குழுவில் ஒரு வரி எழுதிவிடுவது நட்புக்கு நல்லது. திட்டமிட்ட பின்னும் குறைந்தது கால் மணி நேரம் இருக்கும், கிளம்ப வேண்டியவர் கேரியரைவிட்டுக் கிளம்பிவிடலாம்.

சரி, ஒருவரையொருவர் காணாத கதைக்கு வருவோம். இதற்கு முதல் காரணம் மிக எளிமையானது, ஆனால் யாரும் சந்தேகப்படாதது: எல்லாரும் ஒரே குழுவுக்குள் நுழையவில்லை. ஒரு கமாண்டருக்குச் சொந்தமாக ஒரே ஒரு குழுதான். அதன் பெயரும் அந்தக் கமாண்டரின் பெயர்தான். ஆனால் ஒருவர் பிறருடைய எத்தனையோ குழுக்களில் உறுப்பினராக இருக்கலாம். பிரைவேட் குரூப் என்று தேர்ந்தெடுத்ததும் பட்டியல் வரும். அதில் ஒருவர் குமாரின் குழுவுக்குள்ளும் மற்றவர் செல்வியின் குழுவுக்குள்ளும் போய்விட்டு, “நானும் பிரைவேட் குரூப்பில்தான் இருக்கிறேன்” என்று சத்தியம் செய்தால் இருவரும் சொல்வது உண்மைதான். எந்தக் கமாண்டரின் குழு என்று பெயர் சொல்லிப் பேசுங்கள். குழுவின் சொந்தக்காரர் அன்று வரவில்லை என்றாலும் கவலையில்லை. அவர் இல்லாமலே மற்றவர்கள் அதற்குள் விளையாடலாம். ஒரே ஸ்குவாட்ரனில் இருப்பதால் மட்டும் ஒரே இடத்தில் சந்தித்துவிட முடியாது. ஸ்குவாட்ரன் என்பது மூன்று முறைகளுக்கும் பொதுவான சங்கம், அவ்வளவே.

இரண்டாவது காரணம் பதிப்பு. 2022 நவம்பர் 29 முதல் இந்த விளையாட்டின் பால்வீதி லைவ், லெகசி என்று இரண்டாகப் பிரிந்துவிட்டது. கணினியில் லாஞ்சரில் பழைய 3.8 பதிப்பைத் தேர்ந்தெடுத்தவர் லெகசியில் இருப்பார். 4.0 பதிப்போ, ஒடிஸி என்ற கூடுதல் தொகுப்போ வைத்திருப்பவர் லைவில் இருப்பார். இவர்கள் இருவரையும் எந்தக் குழு அழைப்பாலும் சேர்த்துவைக்க முடியாது. பிளேஸ்டேஷன், எக்ஸ்பாக்ஸ் பயனர்கள் லெகசியோடு நின்றுவிட்டார்கள். கணினியில் இருப்பவரோடு கன்சோலில் இருப்பவர் விளையாடும் வசதி இந்த விளையாட்டில் எப்போதுமே இருந்ததில்லை. நண்பனோடு விளையாடலாம் என்று தள்ளுபடியில் கன்சோல் பிரதியை வாங்கிவிட்டு ஏமாறுகிறவர்கள் இன்னும் இருக்கிறார்கள். ஸ்டீம், எபிக் என்று எந்தக் கடையில் வாங்கியிருந்தாலும் கணினிப் பிரதிகளுக்குள் அந்தத் தொல்லை இல்லை. ஒடிஸி வாங்காதவரும் வாங்கியவரும் லைவில் சேர்ந்து பறக்கலாம்; ஆனால் மெல்லிய வளிமண்டலம் உள்ள கோளில் இறங்கவும், கப்பலைவிட்டு வெளியே நடக்கவும் ஒடிஸி வேண்டும். பயணத் திட்டத்தைப் போடும்போதே இதைக் கேட்டுவிட வேண்டும். இறங்க ஆசைப்பட்ட கோளின் மேலே ஒருவர் மட்டும் வட்டமடித்துக்கொண்டிருப்பது பார்க்கப் பாவமாக இருக்கும்.

மூன்றாவது காரணம்தான் உண்மையிலேயே கரடுமுரடானது: வலைத்தொடர்பு. நீங்கள் எங்கே இருக்கிறீர்கள், கையில் எவ்வளவு இருக்கிறது என்பதையெல்லாம் ஃப்ரான்டியரின் சர்வர்கள் பார்த்துக்கொள்கின்றன. ஆனால் என் கப்பல் உங்கள் திரையில் அசைவது பெரும்பாலும் என் கணினியும் உங்கள் கணினியும் நேரடியாகப் பேசிக்கொள்வதால் நடக்கிறது. இரண்டும் பேசிக்கொள்ள முடியவில்லை என்றால் விளையாட்டு உங்களை வேறு வேறு இன்ஸ்டன்ஸில், அதாவது ஒரே இடத்தின் தனித்தனிப் பிரதிகளில் போட்டுவிடும். நிலையம் அதே, இறங்குதளமும் அதே, ஆனால் நண்பர் மட்டும் இருக்கமாட்டார்.

இதற்கு ஆப்ஷன்ஸில் நெட்வொர்க் பகுதியில் இரண்டு வழிகள் இருக்கின்றன: யூபிஎன்பி (தரவு வந்துபோகும் வாசலான போர்ட்டை ரவுட்டர் தானே திறப்பது), போர்ட் ஃபார்வர்டிங் (அதை நாமே திறந்துவைப்பது). இரண்டையும் சேர்த்து இயக்குவது பலரும் செய்யும் பிழை, ஒன்று போதும். ரவுட்டரில் யூபிஎன்பி இயங்கினால் அதுவே நல்லது. இல்லாவிட்டால் ஒரு யூடிபி போர்ட்டை ரவுட்டரில் திறந்து, அதே எண்ணை விளையாட்டிலும் கொடுக்க வேண்டும். பலரும் பயன்படுத்துவது 5100. அண்ணன் தம்பி இருவர் ஒரே வீட்டில் இரண்டு கணினிகளில் விளையாடினால் இருவருக்கும் ஒரே எண்ணைக் கொடுக்கக்கூடாது. ஒருவருக்கு 5100 என்றால் மற்றவருக்கு 5101. ஒரே கூரைக்குக் கீழே இருப்பவர்கள் விண்வெளியில் சந்திக்க முடியாமல் போவதற்கு இதுவே வழக்கமான காரணம்.

இந்திய இணைப்புகளில் இன்னொரு படி மேலே பார்க்க வேண்டியிருக்கும். பல நிறுவனங்கள் ஒரே பொது முகவரியைப் பல வீடுகளுக்குப் பகிர்ந்து கொடுக்கின்றன. அப்படிப்பட்ட இணைப்பில் ரவுட்டரில் எத்தனை போர்ட் திறந்தாலும் பயனில்லை, ஏனென்றால் உண்மையான வாசல் உங்கள் ரவுட்டரில் இல்லை. கண்டுபிடிப்பது எளிது. ரவுட்டரின் நிலைப் பக்கத்தில் WAN முகவரி என்று காட்டுவதைப் பாருங்கள். அது 100.64 முதல் 100.127 வரையிலான எண்களில் தொடங்கினால் நீங்கள் பகிர்ந்த முகவரியில்தான் இருக்கிறீர்கள். இணைய நிறுவனத்திடம் நிலையான பொது முகவரி கேட்டுப் பாருங்கள்; சிலர் தனிக் கட்டணத்துக்குத் தருவார்கள். அதுவும் நடக்கவில்லை என்றால், குழுவில் வேறு சிலருடைய இணைப்பாவது திறந்திருக்கிறதா என்று பார்த்துக்கொள்ளுங்கள். இரு பக்கமும் மூடிக் கிடப்பதுதான் மோசமான நிலை. ஒரு பக்கம் திறந்திருந்தால் பெரும்பாலும் சமாளித்துவிடலாம். முதல் முறை விளையாட்டைத் திறக்கும்போது விண்டோஸ் ஃபயர்வால் கேட்கும் அனுமதியை அவசரத்தில் மறுத்தவர்களும் இந்தப் பட்டியலில் உண்டு.

எல்லாம் சரியாக இருந்தும் நண்பர் தெரியவில்லையா? முதலில் டீம் சேருங்கள். நான்கு பேர் வரை சேரலாம். டீமில் இருப்பவர்களை ஒரே இன்ஸ்டன்ஸில் சேர்க்க விளையாட்டு கூடுதலாக முயல்கிறது. குழுவில் இருப்பதே போதும் என்று டீம் அமைக்காமல் பறப்பவர்கள்தான் அதிகம் தவிக்கிறார்கள். பிறகு ஒருவர் மட்டும் சூப்பர்க்ரூஸில் (தொகுதிக்குள் அதிவேகமாகப் பறக்கும் நிலையில்) காத்திருக்க, மற்றவர்கள் முகப்புக்கு வெளியேறி ஒவ்வொருவராகத் திரும்பி வர வேண்டும். எல்லாரும் ஒரே நேரத்தில் வெளியேறி நுழைந்தால் மறுபடியும் சீட்டுக்கட்டைக் கலைத்த கதைதான். பெரிய கூட்டம் சேர்க்க நினைப்பவர்களுக்கு ஒரு எச்சரிக்கை: ஒரு இன்ஸ்டன்ஸுக்கு 32 பேர் என்பது ஏட்டுக் கணக்கு, நடைமுறையில் அதைவிடக் குறைவாகவே சேரும். நூறு பேரை ஒரே கோளில் நிறுத்திப் படமெடுக்கும் கனவு வேண்டாம்.

ஒன்றைச் சொல்லச் சங்கடமாக இருக்கிறது, ஆனாலும் சொல்லிவிட வேண்டும். நண்பர்களில் யாராவது யாரையாவது என்றோ ஒரு சண்டையில் பிளாக் செய்திருந்தால், இருவரையும் ஒரே இன்ஸ்டன்ஸில் போடாமலிருக்கவே விளையாட்டு முயலும். பிணக்கு தீர்ந்து சேர்ந்து டீ குடித்திருப்பார்கள், பிளாக் மட்டும் அப்படியே கிடக்கும். ரவுட்டரைக் கழற்றி மாட்டும் முன் அந்தப் பட்டியலைப் பார்ப்பது நல்லது.

தனிக்குழுவில் ஆபத்தே இல்லை என்ற எண்ணமும் தவறு. குழு உறுப்பினர்கள் ஒருவரையொருவர் சுட முடியும். அதைத் தடுக்கும் பொத்தான் குழு அமைப்பில் இல்லை. மோபியஸ் போல, வீரர்களைச் சுடக்கூடாது என்ற விதியோடு ஆயிரக்கணக்கானோர் சேர்ந்த குழுக்கள் இருக்கின்றன. அங்கும் விதியை மீறியவரை, அவர் சுட்ட பிறகு வெளியேற்றத்தான் முடியும், சுடுவதற்கு முன் தடுக்க முடியாது. ஆகவே முகம் தெரியாதவர் அனுப்பும் சேர்க்கை வேண்டுகோளுக்கெல்லாம் சம்மதம் சொல்லாதீர்கள். நண்பர்களுக்குள் போர்ப் பயிற்சி என்றால், வலப்பக்கப் பலகையில் குற்றங்களைப் புகாரளிக்கும் அமைப்பை இருவரும் அணைத்துவிட்டு, நிலையத்திலிருந்து தள்ளிப் போய்ச் செய்யுங்கள். நிலையத்தைச் சுற்றிச் சுடத் தடையுள்ள பகுதிக்குள் விளையாட்டுக்குச் சுட்டாலும் நிலையத்தின் பீரங்கிகள் விளையாட்டாக எடுத்துக்கொள்ளாது.

கப்பல் அழிந்தால் அதன் விலையில் 5 சதவீதம் கட்டி மீட்டுவிடலாம். ஆய்வுப் பயணம் போகிறவர்களுக்கு அது பெரிய நஷ்டமே இல்லை. விற்காமல் வைத்திருக்கும் ஆய்வுத் தரவு முழுவதும் போய்விடுவதுதான் நஷ்டம். எடையைக் குறைக்க ஷீல்டை (மோதலைத் தாங்கும் கவசத்தை) கழற்றிவிட்டு, பூமியிலிருந்து ஏறத்தாழ 65,000 ஒளியாண்டு தூரத்திலுள்ள பீகிள் பாயின்ட் வரை ஒருவர் போகிறார் என்று வையுங்கள். அங்கே வரவேற்க வந்த நண்பர் உற்சாகத்தில் பூஸ்ட் (திடீர் வேகம்) போட்டு இடித்துவிட்டால், மாதக்கணக்கில் சேர்த்த தரவெல்லாம் ஒரு நொடியில் காலி. தனிக்குழுவில் நடந்தது என்பதற்காக யாரும் திருப்பித் தரமாட்டார்கள். சிறியதாக ஒரு ஷீல்டு போட்டுக்கொள்ளுங்கள்; சந்திக்கும் இடத்தில் பூஸ்ட் கூடாது என்று முன்கூட்டியே பேசிக்கொள்ளுங்கள். யாரும் பார்க்காத தொகுதியை நாம் முதலில் கண்டோம் என்ற மகிழ்ச்சியும் தரவை விற்கும்வரை உறுதியில்லை. ஓப்பனில் வேறொருவர் அதே இடத்தை ஸ்கேன் செய்து முதலில் விற்றுவிட்டால் பெயர் அவருக்கு.

எரிபொருள் தீர்ந்தால் ஃப்யூயல் ராட்ஸ் என்ற தன்னார்வ வீரர்கள் வந்து காப்பாற்றுவார்கள் என்று விளையாடுகிற எல்லாருக்கும் தெரியும். ஆனால் உங்கள் குழுவுக்குள் இல்லாத மீட்பர் கண்ணுக்கு நீங்கள் தெரியமாட்டீர்கள். ஆக்ஸிஜன் கடிகாரம் ஓடத் தொடங்கியதும் பதறாமல் முகப்புக்கு வெளியேறிவிடுங்கள். வெளியே இருக்கும்வரை கடிகாரம் நின்றுவிடும். அவர்களோடு பேசிவிட்டு, சொல்லும்போது ஓப்பனில் நுழையுங்கள். முறை மாற்றினாலும் கப்பல் அதே இடத்தில்தான் இருக்கும்.

கடைசியாக நேரம். விளையாட்டுக்குள் ஓடும் கடிகாரம் யூடிசி. 20:00 மணிக்குச் சந்திப்போம் என்று வெளிநாட்டு நண்பர் எழுதினால் நமக்கு அது மறுநாள் அதிகாலை 1:30. குழு அழைப்பில் இரண்டு நேரத்தையும் எழுதுங்கள், தேதியையும் சேர்த்து. வாராந்தரப் பராமரிப்புக்காக சர்வர்கள் வழக்கமாக நிற்பது வியாழக்கிழமை. அன்று நண்பகலை ஒட்டிய நேரத்தில் பயணத்தை வைக்காதீர்கள்.