கட்சிகளின் மாற்றத்தைப் பற்றி எழுதுகிறீர்களா? இந்தத் தவறுகள் வேண்டாம்

கட்சி அரசியலைப் பற்றிப் புதிதாக எழுத வருபவர்களின் கட்டுரைகளைப் படித்துத் திருத்துவது என் வேலையில் பாதி. எங்கள் தலைமுறை எங்கெல்லாம் வழுக்கியதோ அங்கேயே இவர்களும் வரிசையாக வழுக்குகிறார்கள். ஆண்டைத் தப்பாகப் போடுவது, தலைவரின் பெயரை மாற்றி எழுதுவது போன்றவற்றை விட்டுவிடுகிறேன், அவற்றை யாராவது சுட்டிக்காட்டிவிடுவார்கள். யார் கண்ணிலும் படாமல் அச்சு வரை போய்விடும் தவறுகள்தான் ஆபத்தானவை.

சீட் கணக்கை மட்டும் பார்த்துக் கட்சிக்கு இரங்கல் எழுதுவது

இதைப் பார்த்தால் எனக்கு இன்னமும் எரிச்சல் வரும், அதனால் கொஞ்சம் நீளமாகவே சொல்கிறேன்.

சமீபத்தில் கனடாவின் 1993 தேர்தலைப் பற்றி ஒரு கட்டுரை வந்தது. அதில் ஒரு அட்டவணை. 1988-ல் எத்தனை சீட், 1993-ல் எத்தனை சீட் என்று இரண்டே பத்திகள். ஆளுங்கட்சியாக இருந்த முற்போக்குப் பழமைவாதக் கட்சிக்கு நேராக 169, அடுத்து 2. பிரதமர் கிம் கேம்பெல்லே தன் தொகுதியில் தோற்ற தேர்தல் அது. ஆகவே எழுதியவருக்குத் துளியும் சந்தேகம் வரவில்லை, கட்சியின் கதை அன்றோடு முடிந்தது என்று எழுதிவிட்டார்.

சரி, இன்னொரு பத்தி சேர்த்து வாங்கிய ஓட்டையும் போடுங்கள் என்றேன். 43 சதவீதம், 16 சதவீதம் என்று வந்தது. பலத்த அடிதான், இல்லை என்று சொல்லவில்லை. ஆனால் ஓட்டுப் போட்டவர்களில் ஏறத்தாழ ஆறு பேருக்கு ஒருவர் அந்தக் கட்சியைத்தான் தேர்ந்தெடுத்திருக்கிறார். அதே தேர்தலில் கியூபெக் மாகாணத்தில் மட்டும் நின்ற பிளாக் கியூபெக்வா, 13.5 சதவீத ஓட்டோடு 54 சீட் பிடித்து அதிகாரபூர்வ எதிர்க்கட்சியாக உட்கார்ந்தது. கூடுதலாக வாங்கியவர்களுக்கு 2, குறைவாக வாங்கியவர்களுக்கு 54! ஒன்றின் ஓட்டு நாடு முழுக்கச் சிதறிக் கிடந்தது, மற்றதன் ஓட்டு ஒரே மாகாணத்தில் குவிந்திருந்தது. தொகுதிக்கு ஒருவர், அதிக ஓட்டு வாங்கியவர் ஜெயித்தார் என்ற முறையில் இது சகஜம்.

சீட்டை மட்டும் பார்த்தால் எதிர்ப்பக்கமும் ஏமாறலாம். கட்சிகளை வெறுமனே எண்ணாமல் அவற்றின் பலத்தோடு சேர்த்து எண்ண, லாக்சோ, டாகெபெரா என்ற இரண்டு அரசியல் ஆய்வாளர்கள் 1979-ல் தந்த கணக்கு ஒன்று உண்டு. ஒவ்வொரு கட்சியின் பங்கையும் (43 சதவீதம் என்றால் 0.43) வர்க்கப்படுத்திக் கூட்டி, அந்தத் தொகையால் 1-ஐ வகுக்க வேண்டும், அவ்வளவுதான். கனடாவுக்கு இதை சீட் பங்கை வைத்துப் போட்டுப் பாருங்கள். 1988-ல் ஏறத்தாழ 2.3, 1993-லும் ஏறத்தாழ 2.3! அதாவது நாட்டின் கட்சி அமைப்பே புரண்டு விழுந்த தேர்தலில் ஒன்றுமே நடக்கவில்லை என்கிறது சீட். ஓட்டுப் பங்கை வைத்துப் போட்டால் 3.0 என்பது 3.9 ஆகிறது. உடைந்தது அங்கேதான்.

இது கனடாவின் தனிக் கதை என்று நினைக்க வேண்டாம். பிரிட்டனில் லேபர் கட்சி 2019-ல் 32.1 சதவீதம் வாங்கி 202 சீட் பிடித்தது. 2024-ல் 33.7 சதவீதம் வாங்கி 411 பிடித்தது. கட்சிக்கு விழுந்த ஓட்டுகளின் எண்ணிக்கையோ ஐந்து லட்சத்துக்கு மேல் குறைந்திருந்தது, ஆனாலும் ‘லேபர் அலை’ என்று எழுதினார்கள். இந்தியாவில் 2014 மக்களவைத் தேர்தலில் ஓட்டு சதவீதத்தில் மூன்றாவதாக வந்த பகுஜன் சமாஜ் கட்சிக்கு ஒரு சீட்கூடக் கிடைக்கவில்லை. நாடாளுமன்றத்தில் ஆள் இல்லை என்பதால் அந்த வாக்காளர்கள் ஊரை விட்டா போய்விட்டார்கள்?

இந்தத் தவறுக்கு விலை உண்டு. நான் அருகிலிருந்து பார்த்த ஓர் ஆய்வில், சீட் எல்லாவற்றையும் இழந்த ஒரு கட்சியைப் பேட்டிப் பட்டியலிலிருந்தே நீக்கிவிட்டார்கள். வட்டாரப் பொறுப்பாளர்கள், பழைய வேட்பாளர்கள், ஓட்டுச்சாவடியில் உட்கார்ந்த முகவர்கள் என ஒருவரையும் பார்க்கவில்லை. அடுத்த தேர்தலில் இன்னொரு கட்சி திடீரென்று மேலே வந்தபோது அதற்கு ஓட்டு எங்கிருந்து வந்தது என்று சொல்ல ஆய்வில் ஒரு வரிகூட இல்லை. அதற்குள் அந்தப் பொறுப்பாளர்களில் பலர் ஒதுங்கிவிட்டார்கள், சிலர் இறந்தே போனார்கள். அந்தப் பேட்டிகளை இனி யாரும் எடுக்க முடியாது.

அப்புறம் தேதி. கனடாவின் உடைவைத் தேர்தல் இரவில் தொடங்காதீர்கள். மேற்கு மாகாணங்களின் மனக்குறையிலிருந்து சீர்திருத்தக் கட்சி 1987-லேயே பிறந்துவிட்டது. கியூபெக்குக்குத் தனித் தகுதி தரவிருந்த மீச் ஏரி ஒப்பந்தம் 1990-ல் சரிந்துகொண்டிருந்தபோது, அப்போதைய பிரதமர் மல்ரோனியின் அமைச்சராக இருந்த லூசியன் பூஷார் வெளியேறிப் பிளாக்கைக் கட்டினார். மேற்கையும் கியூபெக்கையும் ஒரே குடையின் கீழ் வைத்திருந்த கூட்டு அப்போதே கிழிந்துவிட்டது, 1993-ல் அதை எண்ணிச் சொன்னார்கள், அவ்வளவே.

இரண்டு கட்சி இணைந்தால் இரண்டின் ஓட்டையும் கூட்டிப் போடுவது

2000-ல் சீர்திருத்தக் கட்சியின் வாரிசாக வந்த கனடியக் கூட்டணிக் கட்சி 25.5 சதவீதம், முற்போக்குப் பழமைவாதக் கட்சி 12.2. கூட்டினால் 37.7. இரண்டும் 2003-ல் இணைந்தன, 2004-ல் கிடைத்தது 29.6. வாக்காளர் யாருடைய சொத்தும் இல்லை.

ஒரே தேர்தலை வைத்துத் ‘திருப்புமுனை’ என்பது

இன்னும் இரண்டு தேர்தல் பொறுங்கள்.

பெயர் அதேதான், ஆகவே கட்சியும் அதேதான் என்பது

அமெரிக்காவில் லிங்கனின் குடியரசுக் கட்சிக்குப் பெரும்பாலான தென் மாநில வெள்ளையர்கள் தலைமுறை தலைமுறையாக ஓட்டுப் போட்டதில்லை. 1964-ல் பாரி கோல்ட்வாட்டர் படுதோல்வி அடைந்தார், ஆனால் சொந்த மாநிலமான அரிசோனாவைத் தவிர அவர் ஜெயித்த ஐந்தும் தென் மாநிலங்கள். இனப் பாகுபாட்டைத் தடை செய்த குடிமை உரிமைகள் சட்டம் வந்ததும் அந்த ஆண்டுதான். இதைப் படித்ததும் ‘1964-ல் தெற்கு மாறியது’ என்று எழுதத் தோன்றும், எழுதாதீர்கள். பிரதிநிதிகள் சபையில் தெற்கின் பெரும்பான்மை இடங்கள் குடியரசுக் கட்சிக்கு வந்தது 1994-ல்தான். அதிபர் தேர்தலில் வேகமாக மாறிய அதே மக்கள், தங்களுக்குப் பழக்கமான உள்ளூர் ஜனநாயகக் கட்சிக்காரரை முப்பது ஆண்டுகள் விடாமல் அனுப்பிக்கொண்டிருந்தார்கள். எந்தப் பதவிக்கான தேர்தல் என்று கேட்காமல் மாற்றத்துக்கு ஆண்டு குறிக்க முடியாது.

தேர்தல் முறையை மாற்றினால் கட்சிகள் மாறிவிடும் என்பது

ஜப்பான் 1994-ல் மாற்றியது. இரண்டு பெரிய கட்சிகள் மாறி மாறி ஆளும் என்று எதிர்பார்த்தார்கள். 2009-ல் ஜனநாயகக் கட்சி 480-ல் 308 பிடித்தது, 2012-ல் 57-க்கு இறங்கியது. சட்டம் கட்சிக்கு வாசலைத் திறந்துவிடும், ஊர் ஊராகக் கிளை கட்டித் தராது.

தலைநகரத்தை மட்டும் பார்ப்பது

மெக்சிகோவில் 1929 முதல் ஒரே கட்சி (இன்றைய பெயர் பிஆர்ஐ), இடையில் பெயர் மாறினாலும் ஆட்சி மாறாமல், அதிபர் பதவியை வைத்திருந்தது. 2000-ல் எதிர்க்கட்சி வேட்பாளர் விசென்டே ஃபாக்ஸ் ஜெயித்ததும் ‘ஒரே இரவில் கவிழ்ந்தது’ என்றார்கள். அது எந்த இரவு? 1989-லேயே பாஹா கலிஃபோர்னியாவில் எதிர்க்கட்சி ஆளுநர் வந்துவிட்டார். 1997-ல் கீழவைப் பெரும்பான்மை போய்விட்டது. விழுந்ததைப் போலவே எழுந்ததும் மாநிலங்களிலிருந்துதான். அதிபர் பதவி போன பிறகும் ஆளுநர் பதவிகளில் பெரும்பகுதி பிஆர்ஐ கையிலேயே இருந்தது. 2012-ல் அதை மறுபடி ஆட்சிக்குக் கொண்டுவந்த என்ரிக்கே பெனியா நியெட்டோ, நாட்டின் பெயரையே கொண்ட மெக்சிகோ மாநிலத்தின் ஆளுநராக இருந்தவர்.