ஜெர்மன் நடிகரின் படப்பட்டியலைத் தயாரிப்பது எப்படி: எல்மார் வெப்பரை வைத்து

மூனிச்சைச் சுற்றியே வாழ்க்கையை ஓட்டிய எல்மார் வெப்பர் (1944–2023) சினிமா, தொலைக்காட்சி, டப்பிங் மூன்றிலும் வேலை பார்த்தவர். மூன்றையும் ஒரே பட்டியலில் கொட்டினால் குழப்பம்தான் மிஞ்சும். தொடர், திரைப்படம், குரல் என மூன்று அட்டவணைகளை முதலிலேயே திறந்துவிடுங்கள்.

அதற்கும் முன்னால் அண்ணனைப் பிரித்தெடுக்க வேண்டும். ஃபிரிட்ஸ் வெப்பரும் (1941–2024) நடிகர். சகோதரர்கள் இருவருமே 'டெர் கோமிஸார்' என்ற துப்பறியும் தொடரில் (1969–1976, 97 பகுதிகள்) வருகிறார்கள். அதில் ஹாரி க்ளைன் வேடம் ஃபிரிட்ஸுடையது. 1974-இல் அந்த ஹாரி அப்படியே 'டெரிக்' தொடருக்கு மாறிப்போக, ஹாரியின் தம்பி எர்வின் க்ளைனாக எல்மார் உள்ளே வந்தார். நிஜத் தம்பி திரையிலும் தம்பி. குடும்பப் பெயரும் ஒன்றே. ஆகவே 'வெப்பர், க்ளைன்' என்று மட்டும் இருக்கும் வரியை நம்பாதீர்கள். முதல் பெயரையும் ஆண்டையும் பாருங்கள். 1974-க்கு முந்தைய பகுதியில் எர்வின் இருந்தால் அந்த வரி தவறு. 'டெரிக்'கின் 281 பகுதிகளிலும் உதவி அதிகாரியாக வருபவர் ஃபிரிட்ஸ்தான். 1972-இல் வந்த அமெரிக்கப் படம் 'காபரே'யும் அவர் கணக்கே.

திரைப்படங்களை ஃபில்ம்போர்ட்டல் தளத்திலும் தொடர்களை ஃபெர்ன்சேசீரியன் தளத்திலும் தேடலாம். ஜெர்மன் விசைப்பலகை இல்லையென்றால், மேலே இரட்டைப்புள்ளி உள்ள யூ எழுத்துக்குப் பதில் 'யூ, ஈ' என இரண்டு ரோமன் எழுத்துகளைத் தட்டுங்கள். புள்ளியை மட்டும் விட்டுவிட்டுத் தேடினால் சில தளங்களில் ஒன்றுமே அகப்படாது.

அதிகம் சறுக்கும் இடம் தேதி. 'எர்ஸ்ட்அவுஸ்ட்ராலுங்' என்ற சொல்லுக்கு எதிரே இருப்பதுதான் முதல் ஒளிபரப்பு நாள். அதைத் தயாரிப்பு ஆண்டோடு கலக்கக் கூடாது. எல்மார் போலீஸ்காரர் ஹைன்லாக நடித்த 'போலிட்சை இன்ஸ்பெக்ட்சியோன் 1' (1977–1988, 130 பகுதிகள்) ஜெர்மன் பொதுத் தொலைக்காட்சியான ஏ.ஆர்.டி.யின் முன்மாலை நேரத்தில் ஓடியது. அந்த நேரத்தை அப்போது மாநில நிலையங்கள் தத்தம் போக்கில் நிரப்பின. ஒரே பகுதிக்கு இரண்டு மூலங்கள் வெவ்வேறு நாள் சொல்வது இதனால்தான். முந்தைய நாளை எடுத்துக்கொண்டு, நிலையத்தின் பெயரைப் பக்கத்தில் குறித்துவிடுங்கள்.

குரல் அட்டவணையைப் பலர் போடுவதே இல்லை. ஜெர்மன் ரசிகர்களுக்கு எல்மார் பல ஆண்டுகள் ஹாலிவுட் நடிகர் மெல் கிப்சனின் குரல். அதை விட்டுவிட்டால் பாதி வாழ்க்கை காணாமல் போகும். ஆனால் 'கிப்சன் படம் எல்லாம் இவர் குரல்' என்று ஒரே வரியில் முடிப்பதும் தப்பு. ஒரு நடிகருக்குப் படத்துக்குப் படம் குரல் மாறும். சில படங்களுக்கு இரண்டு ஜெர்மன் டப்பிங்கே இருக்கும். டப்பிங் விவரங்களைத் திரட்டும் சின்க்ரோன்கார்ட்டை தளத்தில் ஒவ்வொரு படமாகத் திறந்து, ஜெர்மன் தலைப்பு, மூலத் தலைப்பு, நடிகர், பாத்திரம் என நான்கு கட்டங்களை நிரப்புங்கள்.

திரைப்பட அட்டவணையில் 2008-இன் 'கிர்ஷ்ப்ளூட்டன் – ஹனாமி'க்கு மட்டும் கூடுதலாக இரண்டு வரி ஒதுக்குங்கள். டோரிஸ் டோரி இயக்கிய படம். சிறந்த நடிகருக்கான ஜெர்மன் திரைப்பட விருது எல்மாருக்கு இதற்குத்தான் கிடைத்தது. 'கதாநாயகன்' என்று எழுதினால் எதுவும் தெரியாது. இறந்த மனைவியின் உடையைத் தன் கோட்டுக்குள் போட்டுக்கொண்டு ஜப்பானில் செர்ரிப் பூக்களைப் பார்க்கப் போகும் பவேரிய அரசு ஊழியர் ரூடி என்று எழுதுங்கள்.

இதே இயக்குநரின் 'கிர்ஷ்ப்ளூட்டன் உண்ட் டேமோனன்' 2019-இல் வந்தது. பெயர் ஒற்றுமையால் இரண்டையும் ஒரே படமாகக் கருதி ஒரு வரியை அழித்துவிடாதீர்கள். முதல் படத்தின் இறுதியில் செத்துப்போன ரூடி இரண்டாவதில் ஆவியாக வருகிறார். பாத்திரப் பெயர் அதேதான், ஆனால் வரி தனி.