வீடியோ திக்கித் திக்கி ஓடுகிறதா? அவசரத்தில் செய்யும் தவறுகள்

ஹெச்டி வீடியோ வெட்டி வெட்டி ஓட ஆரம்பித்ததும் பலர் ஒரே மூச்சில் பத்து விஷயங்களை மாற்றிவிடுகிறார்கள். பிளேயரை மாற்றுவார்கள், கோடெக் (வீடியோவைச் சுருக்கி விரிக்கும் முறை) பேக் இறக்குவார்கள், டிரைவரை (வன்பொருளை இயக்கும் மென்பொருள்) அழித்துவிட்டுத் திரும்பப் போடுவார்கள், கூடவே ரேம் விலையையும் விசாரித்து வைப்பார்கள். இதில் ஏதாவது ஒன்று பலித்துவிட்டால் எது பலித்தது என்று தெரியாது. பலிக்காவிட்டால், அதுவரை ஒழுங்காக இருந்த ஏதோ ஒன்றும் சேர்ந்து கெட்டிருக்கும். கீழே வரும் தவறுகளில் பாதிக்கு மேல் இந்த அவசரத்தில் பிறந்தவைதான்.

எந்த மாதிரி திக்கல் என்று பார்க்காமலே வைத்தியம்

எல்லாத் திக்கலும் ஒன்றல்ல. ஒரு நிமிடம் சும்மா உட்கார்ந்து கவனித்தால் பாதி விடை கிடைத்துவிடும்.

ஒலி சீராகப் போகிறது, படம் மட்டும் தாவித் தாவிப் போகிறது என்றால் கணினியால் படத்தை நேரத்துக்கு விரித்துக் காட்ட முடியவில்லை. ஒலி ஒரு நொடி அறுந்தாலும் காது உடனே கண்டுபிடித்துவிடும். அதனால் பெரும்பாலான பிளேயர்கள் ஒலியை விடாமல் பிடித்துக்கொண்டு, பின்தங்கும் படச் சட்டங்களை (ஃப்ரேம்கள்) கழற்றி விடுகின்றன. ஒலி, படம் இரண்டும் சேர்ந்து நின்று, சேர்ந்து கிளம்பினால் தரவு வந்து சேரவில்லை என்று பொருள்: இணையமோ, வைஃபையோ, பழுதாகிவரும் டிஸ்க்கோ காரணமாக இருக்கலாம். முதல் பத்து நிமிடம் பிரமாதமாக ஓடி, அப்புறம் திக்கினால் சூட்டைச் சந்தேகப்பட வேண்டும். எல்லாம் நன்றாக இருந்து, கேமரா மெதுவாகப் பக்கவாட்டில் நகரும் காட்சிகளில் மட்டும் லேசான உதறல் தெரிந்தால் அது திரையின் புதுப்பிப்பு வேகம் சம்பந்தப்பட்டது. கணினியின் பலத்துக்கும் அதற்கும் தொடர்பில்லை.

இந்த நான்கையும் பிரித்துப் பார்க்காமல் எந்த செட்டிங்கிலும் கை வைக்காமல் இருப்பது நல்லது.

ரேமும் எஸ்எஸ்டியும் வாங்கினால் சரியாகிவிடும் என்ற நம்பிக்கை

கணக்குப் போட்டுப் பார்க்கலாம். ப்ளூரே வட்டில் வீடியோவுக்கு அனுமதிக்கப்பட்ட உச்ச அளவே நொடிக்கு 40 மெகாபிட். எட்டால் வகுத்தால் 5 மெகாபைட். மிகப் பழைய ஹார்ட் டிஸ்க் கூட நொடிக்கு 50 மெகாபைட்டைச் சிரமமில்லாமல் படித்துவிடும். யுஎஸ்பி 2 வழியாகச் செருகிய பென் டிரைவுக்கும் இது பெரிய சுமை இல்லை. ஆகவே, டிஸ்க் பழுதாக இல்லாத வரை, வீடியோ திக்கலுக்காக எஸ்எஸ்டி வாங்குவது வீண் செலவு. மற்ற வேலைகள் வேகமாகும், அது வேறு விஷயம்.

ரேமும் அப்படித்தான். 1080பி (முழு ஹெச்டி) வீடியோ ஓட சில நூறு மெகாபைட் போதும். பிரவுசரில் ஐம்பது தாவல்களைத் திறந்து வைத்து நினைவகம் நிரம்பி வழியும் நிலையில் மட்டுமே கூடுதல் ரேம் உதவும். தனி கிராஃபிக்ஸ் கார்டு இல்லாத கணினியில் ஒரு விதிவிலக்கு உண்டு. அங்கே கிராஃபிக்ஸும் அதே ரேமைத்தான் பகிர்ந்துகொள்கிறது. ஒற்றைக் குச்சி ரேமுக்குப் பதில் ஜோடியாக இரண்டு போட்டால் தரவு போகும் பாதை இரட்டிப்பாகும்; 4கே வீடியோவில் அது கொஞ்சம் கைகொடுக்கும்.

வன்பொருள் டீகோடிங் நடக்கிறதா என்று பார்க்காமல் விடுவது

பெரும்பாலான வீடுகளில் சிக்கல் இங்கேதான் இருக்கிறது, ஆனால் மிகக் குறைவான பேர்தான் இங்கே பார்க்கிறார்கள்.

1080பி படத்தின் ஒரு சட்டத்தில் சுமார் 20 லட்சம் புள்ளிகள். 4கே என்றால் சுமார் 83 லட்சம், அதாவது நான்கு மடங்கு. இதை நொடிக்கு 24 முதல் 60 தடவை வரை சுருக்கத்திலிருந்து விரிக்க வேண்டும்; டீகோடிங் என்பது இதுதான். இதற்கென்றே கிராஃபிக்ஸ் சிப்புக்குள் தனியாக ஒரு பகுதி இருக்கிறது. அது வேலை செய்தால் சிபியு ஓய்வாக உட்கார்ந்திருக்கும். அந்தப் பகுதிக்கு அந்தக் கோடெக் தெரியாவிட்டாலோ, அது அணைத்து வைக்கப்பட்டிருந்தாலோ, மொத்தச் சுமையும் சிபியு தலையில் விழும்.

விண்டோஸில் இதைக் கண்ணால் பார்க்கலாம். வீடியோவை ஓடவிட்டு, கன்ட்ரோல், ஷிஃப்ட், எஸ்கேப் மூன்றையும் சேர்த்து அழுத்தினால் டாஸ்க் மேனேஜர் வரும். பெர்ஃபார்மன்ஸ் பக்கத்தில் ஜிபியுவை (கிராஃபிக்ஸ் சிப்) தேர்ந்தெடுத்தால் சிறு சிறு வரைபடங்கள் தெரியும். அதில் ‘வீடியோ டீகோட்’ அல்லது அதுபோன்ற பெயருள்ள கட்டத்தைப் பாருங்கள். அந்தக் கோடு தரையோடு தரையாகக் கிடக்க, சிபியு 90 சதவீதத்தில் முட்டிக்கொண்டு நின்றால் குற்றவாளி கிடைத்தாயிற்று. கோடு 20, 30 சதவீதத்தில் ஆடிக்கொண்டிருக்க, சிபியு சும்மா இருந்தால் டீகோடிங் ஒழுங்காக நடக்கிறது. வேறு இடத்தில் தேடுங்கள். இதில் ஒரு நுணுக்கம்: சிபியு மொத்தமாக 30 சதவீதம்தான் என்று காட்டினாலும் ஒரே ஒரு கோர் மட்டும் முழு மூச்சில் திணறிக்கொண்டிருக்கலாம். சிபியு வரைபடத்தின் மேல் வலது கிளிக் செய்து ஒவ்வொரு கோரையும் தனித்தனியாகக் காட்டச் சொன்னால் அது வெளிப்படும்.

அடுத்து, கோப்பில் எந்தக் கோடெக் என்று பார்க்க வேண்டும். விஎல்சியில் கன்ட்ரோலும் ஜேயும் அழுத்தினால் தெரிந்துவிடும். எச்.264 என்பது 2003இல் வந்தது. பத்து வருடப் பழைய கணினிகூட இதை வன்பொருளிலேயே விரிக்கும். எச்.265, விபி9 இரண்டும் 2013இல் வந்தவை. ஏவி1 இன்னும் புதிது, 2018. இன்டெல்லில் 6ஆம் தலைமுறை 8 பிட் (நிற நுணுக்கத்தின் அளவு) எச்.265ஐ வன்பொருளில் விரிக்கிறது. 10 பிட் வேண்டுமென்றால் 7ஆம் தலைமுறை தேவை, ஏவி1 வேண்டுமென்றால் 11ஆம் தலைமுறை. என்விடியாவில் ஏவி1 டீகோடிங் 30 வரிசை கார்டுகளில்தான் தொடங்குகிறது. ஒரே கணினியில் ஒரு 1080பி படம் வெண்ணெயாக வழுக்கி ஓட, அதே அளவுள்ள இன்னொன்று மூச்சு வாங்குவது இதனால்தான். படத்தின் அளவு ஒன்றுதான், உள்ளே இருக்கும் கோடெக் வேறு.

இதில் ஒரு விசித்திரமும் உண்டு. 10 பிட் எச்.264 என்று ஒரு வகை, பழைய அனிமே கோப்புகளில் அதிகம் தென்படும். எச்.265ஐச் சுலபமாக விரிக்கும் பல கிராஃபிக்ஸ் சிப்புகள் இதைத் தொடுவதில்லை. வேறு வழியில்லாமல் சிபியுதான் பார்க்க வேண்டும்.

‘ஹார்டுவேர் ஆக்சிலரேஷனை அணைத்துப் பாருங்கள்’, அதாவது வேலையை கிராஃபிக்ஸ் சிப்பிடம் விடும் வசதியை நிறுத்துங்கள் என்ற அறிவுரையைக் கண்ணை மூடிக்கொண்டு பின்பற்றுவது தனித் தவறு. திரை பச்சையாக மாறுவது, கட்டம் கட்டமாகச் சிதைவது, கறுப்பாகவே நிற்பது போன்ற கோளாறுகளுக்கு அது பரிசோதனையாக உதவும். திக்கலுக்கு அது பெரும்பாலும் எதிர் வைத்தியம். வேறு ஏதோ காரணத்துக்காக எப்போதோ அணைத்துவிட்டு மறந்துபோனவர்களும் நிறைய. குரோமில் செட்டிங்ஸ், சிஸ்டம் பகுதியில் ஒருமுறை எட்டிப் பாருங்கள். விஎல்சியில் டூல்ஸ், பிரிஃபரன்சஸ், இன்புட் மற்றும் கோடெக்ஸ் பக்கத்தில் ஹார்டுவேர் டீகோடிங் ‘ஆட்டோமேட்டிக்’ என்று இருக்க வேண்டும்.

விண்டோஸைப் புதிதாக நிறுவியபின் திக்கல் தொடங்கியிருந்தால் டிவைஸ் மேனேஜரில் டிஸ்ப்ளே அடாப்டர் பெயரைப் பாருங்கள். ‘மைக்ரோசாஃப்ட் பேசிக் டிஸ்ப்ளே அடாப்டர்’ என்று இருந்தால் கிராஃபிக்ஸ் டிரைவரே இல்லை என்று அர்த்தம். டிரைவர் இல்லாமல் வன்பொருள் டீகோடிங்கும் இல்லை. சிப் தயாரித்த நிறுவனத்தின் தளத்திலிருந்தோ லேப்டாப் நிறுவனத்தின் தளத்திலிருந்தோ டிரைவரை இறக்குங்கள். ‘எல்லா டிரைவரையும் தானாகவே அப்டேட் செய்யும்’ என்று விளம்பரம் செய்யும் மென்பொருள்கள் பக்கமே போக வேண்டாம்.

கோடெக் பேக், பெயர் மாற்றம், இன்ன பிற

கோடெக் பேக் நிறுவுவது ஒரு காலத்தில் தேவையாக இருந்தது. விஎல்சி, எம்பிவி போன்ற பிளேயர்கள் தங்களுக்கு வேண்டிய டீகோடர்களைத் தங்களுக்குள்ளேயே வைத்திருக்கின்றன. நீங்கள் வெளியே எத்தனை பேக் போட்டாலும் அவை திரும்பிக்கூடப் பார்க்காது. ஆனால் கணினியிலுள்ள வேறு பிளேயர்கள் அந்தப் பேக்கில் மாட்டிக்கொண்டு, ஒழுங்காக ஓடிய கோப்புகளையும் திக்க வைக்கலாம். இரண்டு பேக்குகள் ஒன்றோடொன்று மோதினால் கேட்கவே வேண்டாம்.

கோப்பின் பெயரில் எம்கேவியை எம்பி4 என்று மாற்றுவது இன்னொரு வேடிக்கை. எம்கேவி, எம்பி4 எல்லாம் வெறும் உறைகள். உறையை மாற்றினால் உள்ளே இருக்கும் கடிதம் மாறாது.

பிளேயரின் கேஷ் (முன்கூட்டியே சேர்த்து வைக்கும் தரவு) அளவை ஏகத்துக்கு ஏற்றுவதும் அடிக்கடி சொல்லப்படும் யோசனை. வைஃபை வழியாக இன்னொரு கணினியிலிருந்து கோப்பை ஓட்டும்போது விஎல்சியின் நெட்வொர்க் கேஷை 3000 மில்லிநொடி வரை ஏற்றினால் உண்மையிலேயே பலன் இருக்கும். சிபியு திணறும்போது அதனால் ஒரு பயனும் இல்லை. டாஸ்க் மேனேஜரில் பிளேயருக்கு ‘ரியல்டைம்’ முன்னுரிமை கொடுப்பதோ ஆபத்தும்கூட. மவுஸ், விசைப்பலகை, ஒலி எல்லாம் பட்டினி கிடந்து கணினியே உறைந்துபோகலாம்.

ஆன்லைன் வீடியோ என்றால் உடனே இணையத்தைத் திட்டுவது

யூடியூபில் வீடியோவின் மேல் வலது கிளிக் செய்தால் ‘ஸ்டாட்ஸ் ஃபார் நெர்ட்ஸ்’ என்று ஒரு வரி வரும். அதைத் திறந்தால் ஒரு சின்னப் பெட்டியில் நிறைய எண்கள் ஓடும். நமக்கு மூன்று போதும். கோடெக் வரி: ஏவிசி1 என்று தொடங்கினால் எச்.264, விபி09 என்றால் விபி9, ஏவி01 என்றால் ஏவி1. அடுத்து, தவறவிட்ட சட்டங்களின் எண்ணிக்கை. மூன்றாவது ‘பஃபர் ஹெல்த்’, அதாவது இன்னும் எத்தனை நொடிக்கான வீடியோ முன்கூட்டியே வந்து சேர்ந்திருக்கிறது என்பது.

பஃபரில் 30 நொடி சேர்ந்திருக்க, தவறவிட்ட சட்டங்கள் மட்டும் ஏறிக்கொண்டே போனால் இணையம் பாவம், அது தன் வேலையை முடித்துவிட்டது. இந்த நிலையில் அதிவேகத் திட்டத்துக்கு மாறிப் பணத்தை இறைப்பதில் அர்த்தமில்லை. பஃபர் அடிக்கடி பூஜ்ஜியத்தைத் தொட்டால்தான் இணையத்தையும் வைஃபையையும் கவனிக்க வேண்டும்.

பழைய கணினியில் யூடியூப் ஏவி1ஐ அனுப்பி அதனால் திக்கினால், ஃபயர்ஃபாக்ஸின் உள் அமைப்புப் பட்டியலில் ஏவி1ஐ அணைத்துவிடலாம். யூடியூப் விபி9க்கு இறங்கி வரும். விபி9உம் முடியாத கணினிகளுக்கு எச்.264ஐயே கேட்டு வாங்கும் பிரவுசர் நீட்சிகள் இருக்கின்றன. யூடியூப் எச்.264ஐ 1080பி வரைக்கும்தான் தருகிறது. அதற்கு மேல் விபி9 அல்லது ஏவி1தான். திரையே 1080பி என்றால் இதில் இழப்பு என்று பெரிதாக ஒன்றுமில்லை. 1080பி திரையில் 4கே ஓட்டிவிட்டுத் திக்குகிறது என்று வருந்துபவர்கள் தரத்தை ஒரு படி குறைத்தாலே போதும்.

திரையையும் கேபிளையும் மறந்துவிடுவது

4கே மானிட்டரை எச்டிஎம்ஐ 1.4 போர்ட்டில் செருகினால் நொடிக்கு 30 தடவைதான் திரை புதுப்பிக்கும். மவுஸ் சுட்டியே விட்டு விட்டு நகரும். நொடிக்கு 60 தடவை, அதாவது 60 ஹெர்ட்ஸுக்கு எச்டிஎம்ஐ 2.0 அல்லது டிஸ்ப்ளேபோர்ட் வேண்டும். விண்டோஸின் அட்வான்ஸ்டு டிஸ்ப்ளே பக்கத்தில் இப்போது எத்தனை ஹெர்ட்ஸ் என்று பார்த்துக்கொள்ளலாம்.

மேலே சொன்ன பக்கவாட்டு உதறலுக்கும் விடை இங்கேதான். திரைப்படம் நொடிக்கு 24 சட்டம். 60 ஹெர்ட்ஸ் திரையில் 24 சமமாக அடங்காது. ஒரு சட்டம் இரண்டு தடவை, அடுத்தது மூன்று தடவை என்று மாறி மாறிக் காட்டப்படும். இதற்காக டிரைவரையும் சிபியுவையும் நோண்டிப் பயனில்லை. திரை ஏற்றுக்கொண்டால் 24, 72 அல்லது 120 ஹெர்ட்ஸுக்கு மாற்றினால் உதறல் மறைந்துவிடும்.

சூடு பற்றி நீட்டி முழக்க வேண்டாம். லேப்டாப்பை மெத்தையில் வைக்காதீர்கள், காற்றுத் துளைகளில் தூசி அடைந்திருந்தால் சுத்தம் செய்யுங்கள், பேட்டரி சேவர் இயங்குகிறதா என்று பாருங்கள்.

கடைசி வழியான மாற்றத்தில் நடக்கும் தவறுகள்

வன்பொருளுக்கு அந்தக் கோடெக் தெரியவே தெரியாது, சிபியுவுக்கும் தெம்பில்லை என்று உறுதியானால் கோப்பை எச்.264க்கு மாற்றுவது நியாயமான வழி. ஹேண்ட்பிரேக் என்ற இலவச மென்பொருள் இதற்குப் போதும். இங்கேயும் பலர் வழுக்குகிறார்கள். கோப்பு சிறிதாகுமே என்று எச்.265ஐத் தேர்ந்தெடுத்துவிட்டு, திரும்பவும் அதே திக்கலில் வந்து நிற்பார்கள். எச்.264 பட்டியலிலும் 10 பிட் என்று இல்லாததைத் தேர்ந்தெடுக்க வேண்டும். ஃப்ரேம் ரேட்டை மூலத்தில் உள்ளபடியே விடுங்கள்; 24ஐ 30 ஆக மாற்றினால் நீங்களே புதிதாக ஓர் உதறலைச் சேர்க்கிறீர்கள். மாற்றும்போது தரம் கொஞ்சம் குறையும், அதனால் மூலக் கோப்பை அழிக்க வேண்டாம்.

பழைய கணினியிலேயே மாற்றினால் ஒரு முழுப் படத்துக்கு மணிக்கணக்கில் ஆகும். அதனால் முதலில் வேகமான காட்சி வரும் ஒரு நிமிடத்தை மட்டும் ஹேண்ட்பிரேக்கில் நொடிக் கணக்கில் குறித்து மாற்றிப் பாருங்கள். அந்தத் துண்டு சீராக ஓடினால் முழுப் படத்தையும் அதே செட்டிங்கில் இரவில் ஓடவிட்டுத் தூங்கப் போகலாம்.