டெல்லி தனியார் பள்ளியில் ஆட்குறைப்பா? ஆசிரியர் உடனே செய்ய வேண்டியவை

"மாணவர் எண்ணிக்கை குறைந்துவிட்டது, நீங்களே ராஜினாமா எழுதிக் கொடுத்துவிடுங்கள், அனுபவச் சான்றிதழ் நல்லபடியாகத் தருகிறோம்" என்று நிர்வாகம் கேட்டால் எழுதிக் கொடுக்காதீர்கள். பல ஆசிரியர்கள் வழக்கைத் தோற்பது இந்த ஒரு தாளில்தான். ஏற்கெனவே கொடுத்திருந்தால், அது ஏற்கப்படும் முன் எழுத்தில் திரும்பப் பெறுங்கள். நகலைக் கல்வி இயக்ககத்துக்கும் அனுப்புங்கள். ராஜினாமாவை ஏற்க இயக்குநரின் ஒப்புதல் வேண்டும் என்கிறது டெல்லி பள்ளிக் கல்வி விதி 114ஏ. ஆனால் 30 நாளில் ஒப்புதல் வராவிட்டால் வந்ததாகவே கொள்ளப்படும். எனவே ஒரு வாரம்கூடத் தள்ளிப்போடக் கூடாது.

உங்கள் கையில் உள்ள பெரிய ஆயுதம் 1973ஆம் ஆண்டின் டெல்லி பள்ளிக் கல்விச் சட்டம். அதன் 8(2) பிரிவுப்படி, அங்கீகாரம் பெற்ற தனியார் பள்ளியின் ஊழியரை இயக்குநரின் முன் ஒப்புதல் இல்லாமல் நீக்க முடியாது. தண்டனையாக நீக்குவதற்கு மட்டுமல்ல, வேறு எந்த வகையில் பணியை முடித்தாலும் இது பொருந்தும். ஆட்குறைப்பும் இதில் அடக்கம் என்பதை 2016இல் ராஜ் குமார் வழக்கில் உச்ச நீதிமன்றம் உறுதிப்படுத்தியது. அது ஒரு பள்ளி வாகன ஓட்டுநரின் வழக்கு. ஆசிரியருக்கும் அதே விதிதான். அரசு உதவி பெறாத சிறுபான்மைப் பள்ளிகளுக்கு மட்டும் முன் ஒப்புதல் விதி பொருந்தாது. அங்கு பணிபுரிபவருக்கும் மேல்முறையீட்டு உரிமை உண்டு என்று 1986லேயே ஃபிராங்க் ஆண்டனி பள்ளி வழக்கில் தீர்ப்பாகிவிட்டது.

நீக்க உத்தரவு கைக்கு வந்த நாளிலிருந்து மூன்று மாதத்துக்குள் டெல்லி பள்ளித் தீர்ப்பாயத்தில் 8(3) பிரிவின்கீழ் மேல்முறையீடு செய்ய வேண்டும். உத்தரவு வந்த தபால் உறையையும் மின்னஞ்சலையும் பத்திரமாக வையுங்கள். அந்தத் தேதிதான் கணக்கு. நிர்வாகத்துக்கு மனு மேல் மனு எழுதிப் பதிலுக்குக் காத்திருந்து கெடுவை விட்டவர்கள் நிறைய பேர். மனு கொடுப்பதால் கெடு நீளாது.

முதல் வாரத்திலேயே கல்வி இயக்ககத்துக்குத் தகவல் உரிமைச் சட்டத்தில் ஒரு விண்ணப்பம் போடுங்கள். கட்டணம் 10 ரூபாய். என் பணிநீக்கத்துக்குப் பள்ளி முன் ஒப்புதல் கேட்டதா, கொடுக்கப்பட்டதா, பள்ளி அளித்த ஊழியர் பட்டியலில் என் பணிமூப்பு என்ன என்ற மூன்று கேள்விகள் போதும். "ஒப்புதல் கேட்கப்படவில்லை" என்ற ஒற்றை வரிப் பதில் வந்தால் வழக்கின் முதுகெலும்பு கிடைத்துவிடும். பதிலுக்கு 30 நாள் ஆகலாம். அதற்காக மேல்முறையீட்டை நிறுத்தி வைக்காதீர்கள். நேரில் கொடுக்கும் எந்தக் கடிதத்துக்கும் இரண்டாம் பிரதியில் முத்திரையும் டைரி எண்ணும் வாங்குங்கள்.

நியமனக் கடிதம், சம்பளச் சீட்டு, வங்கிக் கணக்கு விவரம், பி.எஃப். பாஸ்புக் ஆகியவற்றை மனுவுடன் இணையுங்கள். வேறு வேலை கிடைக்கவில்லை என்றால் அதையும் மனுவிலேயே உறுதிமொழியாகச் சொல்லுங்கள். மகாராஷ்டிர ஆசிரியை ஒருவரின் வழக்கில் 2013இல் உச்ச நீதிமன்றம் கூறியபடி, முழுப் பின்சம்பளம், அதாவது நீக்கப்பட்டிருந்த காலத்துக்கான சம்பளம், கேட்பவர் முதலில் இதைச் சொல்லியாக வேண்டும். இந்த வரி விடுபட்டால் வேலை திரும்பக் கிடைத்தும் பணம் கைநழுவலாம். நீக்க உத்தரவுக்குத் தடை கேட்கும் மனுவையும் கூடவே தாக்கல் செய்யலாம். தகுதிகாண் பருவத்தில் இருப்பவரின் நிலை பலவீனமானது. அவர் வழக்கறிஞரைப் பார்த்த பிறகே இறங்குவது நல்லது.

தொழிலாளர் நீதிமன்றத்துக்குப் போய் மாதங்களை வீணாக்க வேண்டாம். அப்போதிருந்த தொழிற்தகராறுச் சட்டத்தின்படி ஆசிரியர் 'தொழிலாளி' அல்லர் என்று 1988இல் கோவா ஆசிரியை சுந்தராம்பாள் வழக்கில் உச்ச நீதிமன்றம் முடிவாகச் சொல்லிவிட்டது.

பணிக்கொடை (கிராஜுவிட்டி) தனி உரிமை. வழக்கு நடக்கும்போதும் கேட்கலாம். டெல்லி மட்டுமல்ல, தமிழ்நாட்டுத் தனியார் பள்ளி ஆசிரியருக்கும் உண்டு. அப்போதிருந்த பணிக்கொடைச் சட்டத்தின் 2009 திருத்தம் 1997 ஏப்ரல் 3 முதலே ஆசிரியர்களைச் சேர்த்தது; 2022இல் உச்ச நீதிமன்றம் அதை ஏற்றது. பொதுவாக ஐந்து ஆண்டுத் தொடர் பணி வேண்டும். அடிப்படைச் சம்பளமும் அகவிலைப்படியும் சேர்ந்து 52,000 ரூபாய், பணி 12 ஆண்டு என்றால்: 52,000 × 15 ÷ 26 × 12 = 3,60,000 ரூபாய். கடைசி ஆண்டில் ஆறு மாதத்துக்கு மேல் வேலை செய்திருந்தால் அது முழு ஆண்டாகும். காசோலையோடு "இனி எந்தக் கோரிக்கையும் இல்லை" என்ற தாளை நீட்டினால், "ஆட்சேபத்துடன், என் மேல்முறையீட்டு உரிமைக்குப் பாதிப்பின்றிப் பெறுகிறேன்" என்று கையெழுத்துக்கு மேலேயே எழுதி, அந்தத் தாளைப் படம் எடுத்துக்கொள்ளுங்கள்.