நெட் இல்லாதப்போ கேம் ஆடணும்னா, நெட் இருக்கும்போதே இதெல்லாம் பண்ணி வச்சிடுங்க

2023 டிசம்பர்ல மிக்ஜாம் புயல் வந்தப்போ வேளச்சேரி, பள்ளிக்கரணை, பெரும்பாக்கம் பக்கம் இருந்தவங்களுக்கு நான் எதுவும் சொல்லத் தேவையில்ல, கரண்டும் கிடையாது டவரும் கிடையாது, வீட்டைச் சுத்தி தண்ணி. அந்த மாதிரி நேரத்துல போன்ல பத்து கேம் இருந்தும் எதைத் திறந்தாலும் "இணைய இணைப்பைச் சரிபார்க்கவும்"னு வந்து நின்னுடும். புயல் வரைக்கும் போக வேணாம், கிளாம்பாக்கத்துல பஸ் ஏறி பொங்கலுக்கு ஊருக்குப் போறவங்க, சென்ட்ரல்ல கோயம்புத்தூர் வண்டி ஏறி ஜோலார்பேட்டை தாண்டினதும் சிக்னல் வந்து வந்து போறதைப் பாத்தவங்க, பாட்டி வீட்டுல மொட்டை மாடிக்குப் போனாதான் ஒரு கோடு டவர் கிடைக்கும்ங்கிறவங்க, எல்லாருக்கும் இதே கதைதான்.

அதனால முதல்லயே சொல்லிடறேன், ஆஃப்லைன் கேம்ங்கிறது நெட் போனதுக்கு அப்புறம் தேடற விஷயம் இல்ல. வீட்டுல வைஃபை நல்லா இருக்கும்போதே இறக்கி, திறந்து, டெஸ்ட் பண்ணி வச்சாதான் அது ஆஃப்லைன் கேம். ஸ்டோர்ல "ஆஃப்லைன்"னு போட்டிருக்கேன்னு நம்பி கிளம்பிடாதீங்க.

டெஸ்ட் பண்றது எப்படி

கேமை இறக்கினதும் உடனே ஒரு தடவை திறங்க. நிறைய கேம் ஸ்டோர்ல சின்ன சைஸ்ல இருக்கும், திறந்ததுக்கு அப்புறம்தான் உள்ளுக்குள்ள இன்னும் 500 எம்பி, 1 ஜிபின்னு இழுக்கும், அது முடியற வரைக்கும் காத்திருங்க. ஆரம்பத்துல வர்ற சொல்லிக்கொடுக்கற லெவல்களையும் முடிச்சிடுங்க. காசு குடுத்து வாங்கின கேமா இருந்தா முதல் தடவை திறக்கும்போது நீங்கதான் வாங்கினீங்களான்னு ஸ்டோர்கிட்ட கேட்டுக்கும், அதுக்கும் நெட் வேணும்.

அப்புறம் ஃப்ளைட் மோட் போடுங்க. இங்க ஒண்ணு கவனிக்கணும், சில போன்ல ஃப்ளைட் மோட் போட்டாலும் வைஃபை ஓடிக்கிட்டே இருக்கும், அதையும் தனியா ஆஃப் பண்ணுங்க. சமீபத்துல திறந்த ஆப் லிஸ்ட்ல இருந்து கேமை மொத்தமா மூடிட்டு, முடிஞ்சா போனையே ஒரு தடவை ரீஸ்டார்ட் பண்ணிட்டு திரும்பத் திறங்க. ஏன்னா சில கேம் ஏற்கனவே லாகின் ஆகி இருக்கற வரைக்கும் ஒழுங்கா ஓடும், புதுசா ஆரம்பிக்கும்போதுதான் சர்வரைத் தேடும். திறந்துட்டா மட்டும் போதாது, ஒரு லெவலாவது முழுசா முடிச்சுப் பாருங்க, லெவல் முடிவுல விளம்பரம் லோட் ஆகலைன்னு அப்படியே சுத்திக்கிட்டு நிக்கிற கேமெல்லாம் இருக்கு. இவ்ளோ தாண்டி வந்துடுச்சுன்னா அந்த கேமை நம்பி ட்ரெயின் ஏறலாம்.

எது ஓடவே ஓடாது

பிஜிஎம்ஐ (பப்ஜியோட இந்திய வெர்ஷன்), ஃப்ரீ ஃபயர், க்ளாஷ் ஆஃப் க்ளான்ஸ், க்ளாஷ் ராயல் இதெல்லாம் என்ன பண்ணாலும் நெட் இல்லாம ஓடாது. நீங்க எங்க நிக்கிறீங்க, உங்க குண்டு யார் மேல பட்டுச்சு, உங்ககிட்ட எவ்ளோ காயின் இருக்குன்னு கணக்குப் போடறது உங்க போன் இல்ல, அவங்க சர்வர். இது புரிஞ்சுக்கக் கூடியதுதான், எதிர்ல உண்மையான ஆளுங்க ஆடறாங்க.

ஆனா தனியா ஆடற கேம்லயும் நெட் கேக்கறாங்க பாருங்க, அதுலதான் ஏமாந்துடுவீங்க. 2016ல வந்த சூப்பர் மாரியோ ரன் அப்படித்தான், தனியாத்தான் ஓடுவோம் ஆனா நெட் வேணும். ப்ளேஸ்டேஷன்ல கிரான் டுரிஸ்மோ 7 டிஸ்க்காவே வாங்கினாலும் முக்கால்வாசி மோடுக்கு நெட் வேணும், 2022 மார்ச்ல அவங்க சர்வர் ஒரு நாளுக்கு மேல படுத்துக்கிட்டப்போ காசு குடுத்து வாங்கினவங்க எல்லாம் சும்மா உக்காந்திருந்தாங்க. யூபிசாஃப்ட்டோட தி க்ரூ இன்னும் மோசம், 2014ல வந்த கார் ரேஸ் கேம், 2024 மார்ச் 31ஓட சர்வரை மூடிட்டாங்க, டிஸ்க் கையில இருந்தாலும் தனியாக்கூட ஓட்ட முடியாது. நாம காசு குடுத்து வாங்கின பொருள் நம்ம கையில இருந்தும் நமக்கு இல்லைன்னா அது எனக்கு ஒத்துக்கவே முடியல. வாங்கறதுக்கு முன்னாடி "எப்பவும் இணைய இணைப்பு தேவை"ன்னு எங்கயாவது சின்ன எழுத்துல போட்டிருக்கான்னு தேடிப் பாருங்க.

போன்ல எதைப் போட்டு வைக்கலாம்

ஒரே ஒரு கேம்தான் வாங்குவேன்னு சொன்னீங்கன்னா ஸ்டார்ட்யூ வேலி. எரிக் பரோன்னு ஒரே ஆள், படம் வரையறது, மியூசிக், ப்ரோக்ராம் எல்லாம் தானே பண்ணி நாலு வருஷத்துக்கு மேல உழைச்சு 2016ல வெளியிட்டாரு, அப்புறம் 2018ல ஐபோனுக்கும் 2019ல ஆண்ட்ராய்டுக்கும் வந்துச்சு. தாத்தா விட்டுட்டுப் போன தோட்டத்துல போய் விதை போடறது, தண்ணி ஊத்தறது, மீன் புடிக்கிறது, ஊர்க்காரங்களோட பழகறதுதான் கேமே. ஒரு தடவை காசு குடுத்தா அவ்ளோதான், நடுவுல விளம்பரமும் வராது, அதை வாங்கு இதை வாங்குன்னும் கேக்காது. கேம்ல ஒரு நாள்ங்கிறது நம்ம கணக்குல கிட்டத்தட்ட 14 நிமிஷம், ராத்திரி படுத்துத் தூங்கினாதான் ஒழுங்கா சேவ் ஆகும், அதனால இறங்க வேண்டிய ஸ்டேஷன் பக்கத்துல வந்துடுச்சுன்னா புது நாளை ஆரம்பிக்காதீங்க.

காசே செலவு பண்ண வேணாம்னா ஷேட்டர்ட் பிக்ஸல் டஞ்சன். ஆண்ட்ராய்டுல முழுக்க இலவசம், விளம்பரமே கிடையாது, சைஸும் ரொம்பக் கம்மி, பழைய போன்லகூட ஓடும். பாதாளத்துல ஒவ்வொரு மாடியா இறங்கிக்கிட்டே போகணும், ஒவ்வொரு தடவையும் மேப் மாறும், செத்தா முதல்ல இருந்துதான். ஆரம்பத்துல சீக்கிரம் சீக்கிரம் சாவீங்க, அது அப்படித்தான், எந்த மருந்து என்ன பண்ணும், எந்தக் கதவை விட்டுடணும்னு புரிய ஆரம்பிச்சதும் கீழ வைக்க மனசு வராது. எனக்கு இதுல ரொம்பப் பிடிச்ச விஷயம், நீங்க நகர்ந்தாதான் எதிரியும் நகரும், அதனால டிடிஆர் டிக்கெட் கேட்டாலும் பக்கத்துல இருக்கறவங்க பேச்சுக் குடுத்தாலும் போனை அப்படியே இறக்கி வச்சிடலாம், ஒண்ணும் ஆகாது. ஒரு கையில கம்பியைப் புடிச்சுக்கிட்டு இன்னொரு கையால ஆடவும் வசதி.

புதிர் பிடிக்கும்னா சைமன் டாத்தம் புதிர்த் தொகுப்புன்னு ஒண்ணு இருக்கு, தூரத்துல இருக்கற கம்ப்யூட்டரோட இணைய உதவற புட்டி சாஃப்ட்வேரை எழுதின அதே ஆள்தான். சுடோக்கு மாதிரி கிட்டத்தட்ட 40 வகை, எல்லாம் ஒரே ஆப்ல, இலவசம், விளம்பரம் இல்ல. அதுல இருக்கற கண்ணிவெடி கேம் (மைன்ஸ்வீப்பர்) குருட்டாம்போக்குல தட்ட வேண்டிய நிலைமையே வராத மாதிரி செஞ்சிருக்காங்க, யோசிச்சா முடிக்கலாம்னு உத்தரவாதம். அம்மா அப்பா போன்ல போட்டுக் குடுக்க இதைவிட நல்ல ஆப் எனக்குத் தெரிஞ்சு இல்ல.

கிரிக்கெட் இல்லாம நம்ம ஊர்ல லிஸ்ட் முடியுமா. வேர்ல்ட் கிரிக்கெட் சாம்பியன்ஷிப் பண்ற நெக்ஸ்ட்வேவ் நம்ம சென்னை கம்பெனிதான், அதோட இரண்டாவது கேம்ல சாதாரண மேட்சை நெட் இல்லாம ஆடலாம், ஆனா பரிசு, ஆன்லைன் போட்டி மாதிரி விஷயங்களுக்கு நெட் கேக்கும், அதனால உங்களுக்கு வேண்டிய மோடை மேல சொன்ன மாதிரி டெஸ்ட் பண்ணிட்டுப் போங்க. செஸ்ஸுக்கு ஆண்ட்ராய்டுல ட்ராய்ட்ஃபிஷ் போதும், உள்ள இருக்கற ஸ்டாக்ஃபிஷ் இன்ஜின் போன்லயே யோசிக்கும், லெவலைக் குறைச்சு வச்சுக்கோங்க, இல்லைன்னா ஒரு தடவைகூட ஜெயிக்க விடாது.

மத்தபடி வேம்பயர் சர்வைவர்ஸ் 2022 டிசம்பர்ல போனுக்கு இலவசமா வந்துச்சு, ஒரே விரல்ல ஆடலாம், அரை மணி நேரம் போறதே தெரியாது. மெட்ரோ லைன் போடற மினி மெட்ரோல மும்பை மேப் இருக்கு, மான்யுமென்ட் வேலி சின்னது ஆனா பார்க்க அவ்ளோ அழகு. ஒண்ணுமே இறக்கி வைக்கலைன்னா க்ரோம்ல நெட் இல்லாம ஒரு பக்கத்தைத் திறங்க, 2014ல இருந்து அந்த டைனோசர் அங்கதான் நிக்குது, தட்டினா ஓடும். ஆண்ட்ராய்டுல கூகுள் ப்ளே கேம்ஸ் ஆப் இருந்தா அதுக்குள்ளயே சாலிட்டர், பாம்பு கேம், குட்டி கிரிக்கெட் எல்லாம் இருக்கு.

நாலு பேர் சேர்ந்து ஆடணும்னா

நெட் இல்லைன்னா தனியாத்தான் ஆடணும்னு நிறைய பேர் நினைக்கிறாங்க, அப்படி இல்ல. ஒருத்தர் ஆண்ட்ராய்டு போன்ல ஹாட்ஸ்பாட் போடுங்க, மொபைல் டேட்டாவை ஆஃப் பண்ணிடுங்க, மத்தவங்க அந்த வைஃபைல சேருங்க. டேட்டா ஒரு எம்பிகூட செலவாகாது, போனுக்கும் போனுக்கும் நடுவுலதான் எல்லாம் போகும். காலேஜ்ல கடைசி பெஞ்சுல மினி மிலிஷியா ஆடினவங்களுக்கு இது நல்லாவே தெரியும். இன்னைக்கு என்னைக் கேட்டா பாம்ப்ஸ்க்வாட்தான் சொல்லுவேன், 8 பேர் வரைக்கும் சேரலாம், ஒருத்தரை ஒருத்தர் மேடையில இருந்து தள்ளி விடறதுல வர்ற சத்தம் அடுத்த கோச் வரைக்கும் கேக்கும்.

இதுல எல்லாரும் மாட்டிக்கிற இடம் வெர்ஷன். ஒருத்தர்கிட்ட பழசு, இன்னொருத்தர்கிட்ட புதுசு இருந்தா ஒருத்தர் ரூம் இன்னொருத்தருக்குத் தெரியாமப் போயிடும், அதனால கிளம்பறதுக்கு முன்னாடி எல்லாரும் அப்டேட் பண்ணி ஒரு ரவுண்டு ஆடிப் பாத்துடுங்க. ஹாட்ஸ்பாட் போடற போன்ல சார்ஜ் வேகமா இறங்கும், பவர்பேங்க் யார்கிட்ட இருக்கோ அவங்க போடட்டும். பெரியவங்க இருந்தா லூடோ கிங்ல ஒரே போனைச் சுத்திக் குடுத்து ஆடற மோட் இருக்கு, அதுக்கு ஹாட்ஸ்பாட்டும் வேணாம்.

லேப்டாப், கன்சோல்

கம்ப்யூட்டர் கேம் விக்கிற ஸ்டீம் ஸ்டோர்ல கேம் வச்சிருக்கீங்கன்னா நெட் இருக்கும்போது லாகின் பண்ணி, பாஸ்வேர்டை ஞாபகம் வச்சுக்கற ஆப்ஷனை டிக் பண்ணி, அப்டேட் முழுசா முடிய விட்டு, கேமை ஒரு தடவை திறந்து மூடிடுங்க. அப்புறம் மேல இருக்கற ஸ்டீம் மெனுல ஆஃப்லைன் போறதுக்கான ஆப்ஷனைத் தட்டுங்க. ஸ்டீம்ல வாங்கினாலும் உள்ள ராக்ஸ்டார், யூபிசாஃப்ட், இஏன்னு இன்னொரு லாஞ்சர் (கேமைத் திறந்து விடற ஆப்) திறக்கற கேமா இருந்தா அதுலயும் தனியா லாகின் பண்ணி ஆஃப்லைன்ல டெஸ்ட் பண்ணணும், பாதி பேர் மாட்டறது இங்கதான். இந்தத் தொல்லையே வேணாம்னா ஜிஓஜிங்கிற கேம் ஸ்டோர்ல வாங்குங்க, இன்ஸ்டாலர் ஃபைலையே இறக்கி ஹார்ட் டிஸ்க்ல போட்டு வச்சுக்கலாம், பத்து வருஷம் கழிச்சும் யாரையும் கேக்காம இன்ஸ்டால் பண்ணலாம்.

பிஎஸ்5ல (ப்ளேஸ்டேஷன் 5) செட்டிங்ஸ்க்குள்ள கன்சோல் ஷேரிங் அண்ட் ஆஃப்லைன் ப்ளேன்னு இருக்கும், டிஜிட்டலா வாங்கின கேம் நெட் இல்லாம ஓட அது ஆன்ல இருக்கணும். எக்ஸ்பாக்ஸ்ல உங்க கன்சோலை ஹோம் எக்ஸ்பாக்ஸா வைக்கணும். தனியா மாட்டற டிஸ்க் டிரைவ் வர்ற பிஎஸ்5 வாங்கினா அந்த டிரைவை முதல் தடவை இணைக்கறதுக்கே நெட் வேணும், அதைக் கடையில இருந்து வந்த அன்னைக்கே முடிச்சிடுங்க. ரிச்சி ஸ்ட்ரீட்ல செகண்ட் ஹேண்ட்ல பிஎஸ்2 மாதிரி பழசு தேடறவங்களுக்கு இந்தக் கவலையே இல்ல, டிஸ்க்கைப் போட்டா ஓடும், ஆனா காசு குடுக்கறதுக்கு முன்னாடி கடையிலயே டிவில மாட்டி ஒரு கேம் ஓட விட்டுப் பாருங்க, டிஸ்க்கைப் படிக்கிற லென்ஸ் போயிருந்தா அங்கயே தெரிஞ்சிடும்.

சார்ஜும் சேவும்

டவர் வீக்கா இருக்கற இடத்துல போன் சிக்னலைத் தேடித் தேடியே சார்ஜைத் தின்னும், ஃப்ளைட் மோட்ல ஆடினா அது மிச்சம். ஆனா புயல் நேரத்துல உங்க மெயின் போன்ல கேம் ஆடாதீங்க, அது அவசரத்துக்குப் பேச வேணும். ட்ராயர்ல சும்மா கிடக்கிற பழைய போனை எடுத்து, சிம் இல்லாம, மழை வர்றதுக்கு முன்னாடியே கேமெல்லாம் ஏத்தி சார்ஜ் போட்டு வைங்க. குழந்தைங்களுக்கும் அதுவே நல்லது, நெட் இல்லாத போன்ல விளம்பரமும் வராது, தெரியாம எதையும் வாங்கிடவும் மாட்டாங்க.

நெட் இல்லாம ஆடினது எல்லாம் அந்த போன்ல மட்டும்தான் இருக்கும்ங்கிறதை மறக்காதீங்க. இடம் பத்தலைன்னு கேமை அழிச்சாலோ டேட்டாவை கிளியர் பண்ணாலோ சேவும் சேர்ந்து போயிடும். லேப்டாப்ல திரும்ப நெட் வந்ததும் ஸ்டீம் எந்த சேவ் வேணும்னு கேட்டா அவசரப்பட்டுத் தட்டாம தேதியைப் பாத்து, ஊர்ல ஆடினதைத் தேர்ந்தெடுங்க.

இன்னொண்ணு, ஐபோன்ல பயன்படுத்தாத ஆப்பைத் தானா போன்ல இருந்து எடுத்துடற செட்டிங் இருக்கு, ப்ளே ஸ்டோர்லயும் அதே மாதிரி ஆப்பைத் தானா ஆர்கைவ் பண்ற செட்டிங் இருக்கு. ஊருக்குப் போறப்போ ஆடலாம்னு மூணு மாசம் தொடாம வச்சிருந்த கேமைத்தான் அது முதல்ல தூக்கும். ரெண்டையும் ஆஃப் பண்ணிட்டு, கிளம்பற முந்தின நாள் ராத்திரி கேம் ஐகான்ல மேகம் மாதிரி ஒரு குறி இருக்கான்னு பாருங்க, இருந்தா தட்டி இறக்கி, ஃப்ளைட் மோட் போட்டு இன்னொரு தடவை திறந்து பாத்துட்டு பையில வைங்க.