சின்ன ராக்கெட்டில் செயற்கைக்கோள்: டெல்டா கல்லூரிக் குழுக்கள் சறுக்கும் இடங்கள்

சின்ன ராக்கெட்டில் அனுப்பச் செயற்கைக்கோள் செய்யும் கல்லூரிக் குழுக்களின் முதல் சறுக்கல் திட்ட அறிக்கையின் முதல் பக்கத்திலேயே நடக்கிறது. 500 கி.மீ. உயரத்துக்குத் தூக்கிவிட்டால் செயற்கைக்கோள் அங்கேயே நிற்கும் என்று எழுதிவிடுகிறார்கள். நிற்காது, விழும். அந்த உயரத்தில் நொடிக்கு 7.6 கி.மீ. வேகத்தில் பக்கவாட்டில் ஓடினால்தான் சுற்றும். தஞ்சாவூருக்கு மேலே இருப்பது பத்துப் பன்னிரண்டு நொடியில் நாகப்பட்டினத்தைத் தாண்டிவிடும்.

அந்த வேகத்தில் கொஞ்சம் குறைந்தால் என்ன ஆகும்? 2022 ஆகஸ்ட் 7 அன்று சின்னச் செயற்கைக்கோள்களுக்கான இஸ்ரோவின் ராக்கெட்டான எஸ்எஸ்எல்வி முதல் முறையாகக் கிளம்பியது. 34 மீட்டர் உயரம், 120 டன் எடை, மூன்று திட எரிபொருள் அடுக்குகள். மூன்றுமே ஒழுங்காக எரிந்தன. ஆனால் இரண்டாம் அடுக்கு கழன்றபோது எழுந்த அதிர்வில், வேக மாற்றத்தை அளக்கும் சென்சார்களான முடுக்கமானிகள் ஒரு கணம் அளவெல்லை மீறிப் போய்விட்டன. சென்சார்கள் பழுது என்று மென்பொருள் முடிவு கட்டி, அவற்றை ஒதுக்கிவிட்டது. 356 கி.மீ. வட்டப்பாதைக்குப் பதில் ஒரு முனையில் 356, மறுமுனையில் 76 கி.மீ. உயரம் என்ற நீள்வட்டம். வேகத்தில் குறைந்தது நூற்றில் ஒரு பங்கு போலத்தான். 76 கி.மீ.யில் காற்று பிடித்து இழுத்துவிடும், இரண்டு செயற்கைக்கோள்களும் போயின. கழற்றும் அமைப்பையும் மென்பொருளின் தர்க்கத்தையும் மாற்றிய பிறகு, 2023 பிப்ரவரியில் இரண்டாவது ராக்கெட் 450 கி.மீ.யில் சரியாக விட்டது.

ராக்கெட்டின் சென்சாரையே ஏமாற்றிய அதிர்வு உங்கள் செயற்கைக்கோள் பெட்டியை விட்டுவைக்குமா? லேப் மேஜையில் மூன்று மாதம் ஓடியது என்பதெல்லாம் இங்கே செல்லாது. பேட்டரி செல்லை டபுள் டேப்பில் ஒட்டுவது, திருகுகள் கழலாமல் பிடிக்கும் லாக்டைட் பசையைப் போடாமல் விடுவது, கனமான இண்டக்டரை (கம்பிச்சுருள் உதிரி) வெறும் சால்டரிங்கை நம்பி நிறுத்துவது: இவை மூன்றும் திரும்பத் திரும்ப நடக்கின்றன. இண்டக்டரின் அடியில் எபாக்சி பசை வையுங்கள். அதிர்வுச் சோதனைக்கு முன்னும் பின்னும் குறைந்த விசையில் ஒரு சைன் ஸ்வீப் (அதிர்வெண்ணை மெல்ல மாற்றிக்கொண்டே போகும் சோதனை) ஓட்டி, பெட்டி தானாக அதிரும் இயல்பதிர்வெண்ணை ஒப்பிடுங்கள். 5 விழுக்காட்டுக்கு மேல் நகர்ந்திருந்தால் உள்ளே ஏதோ தளர்ந்திருக்கிறது என்று பொருள். வெளியே பார்க்க எல்லாம் நன்றாகத்தான் இருக்கும், திறந்தே ஆகவேண்டும். மூன்று அச்சுகளிலும் இதைச் செய்யவேண்டும். ஒன்றில் தேறினால் போதும் என்று கிளம்பிவிடாதீர்கள்.

அளவில் பெரும்பாலும் யாரும் தவறுவதில்லை. 1யு என்ற கனசதுரச் சின்னச் செயற்கைக்கோள் என்றால் 10 செ.மீ. சட்டம் என்று தெரியும். தவறுவது தடிமனில்: சோலார் பேனல், அதன் மேல் பசை, அதன் மேல் ஆண்டெனா என்று வைத்துக்கொண்டே போய், சட்டத்தின் மூலைத் தண்டவாள முகத்திலிருந்து 6.5 மி.மீ. என்ற எல்லையைத் தாண்டிவிடுகிறார்கள். ராக்கெட்டில் செயற்கைக்கோளை வைத்து வெளியே தள்ளும் டிஸ்பென்சருக்குள் போகாது.

பொருட்களைப் பொறுத்தவரை, கடைத்தெருவில் வாங்கும் பிவிசி ஒயர் வேண்டவே வேண்டாம். வெற்றிடத்தில் அதிலிருந்து ஆவி கிளம்பி கேமரா கண்ணாடியில் படியும். டெஃப்லான் ஒயர்தான். ஐப்பசி, கார்த்திகை ஈரத்தில் பிசிபி நீரை உறிஞ்சிவைக்கும். பேட்டரி பொருத்தும் முன்பே, உதிரிகள் தாங்கும் வெப்பத்தைப் பார்த்துக்கொண்டு, அடுப்பில் வைத்து உலர்த்திய பிறகு ஈரம் புகாத கோட்டிங் கொடுங்கள். சம்பா அறுவடை நேரத்தில் ஜன்னலைத் திறந்து, ஃபேனையும் போட்டுக்கொண்டு அசெம்பிளி செய்யக்கூடாது. நெல் சுணை எல்லாவற்றிலும் ஏறிவிடும்.

எதைப் படம் பிடிக்கப்போகிறீர்கள் என்பதிலும் நிதானம் வேண்டும். 9 செ.மீ. லென்ஸ் 500 கி.மீ.யிலிருந்து ஏறக்குறைய 4 மீட்டருக்குக் கீழே பிரித்துக் காட்டாது. அது ஒளியின் விதி. ஆகவே வரப்பு தெரியும் என்று எழுதாதீர்கள். வெள்ளம் பார்க்கப்போகிறோம் என்றால் இன்னும் சிக்கல்: வயலில் தண்ணீர் நிற்கும் வடகிழக்குப் பருவமழையில் மேலே மேகமும் நிற்கும். மேகத்தை ஊடுருவ ரேடார் வேண்டும், அதற்கான மின்சாரம் 1யு பெட்டியில் கிடையாது.

குலசேகரப்பட்டினத்தில் ஏவுதளம் வந்தால் ராக்கெட் நம் தலைக்கு மேலே போகும் என்று ஒரு பேச்சு உண்டு. போகாது. அங்கே தளம் அமைப்பதே இலங்கையைச் சுற்றி வளையாமல் நேராகத் தெற்கே, கடல் மேல் ஏவுவதற்குத்தான். ஸ்ரீஹரிகோட்டாவிலிருந்து துருவப் பாதைக்கு (துருவங்களை ஒட்டி வடக்கு தெற்காகச் சுற்றும் பாதை) போனால் வளைய வேண்டியிருக்கிறது. சின்ன ராக்கெட்டுக்கு அந்தச் செலவு கட்டாது.

மற்றவர்களுக்கு இடைஞ்சல் இல்லாமல் ரேடியோ அலைவரிசை பெறும் ஒருங்கிணைப்பையும், தனியார் விண்வெளிப் பணிகளுக்கு அனுமதி தரும் அரசு அமைப்பான இன்-ஸ்பேஸின் அனுமதியையும் கடைசி வருடத்துக்குத் தள்ளாதீர்கள். வரைபடம் போடும்போதே மனு போகட்டும்.

கடைசியாக, செயற்கைக்கோளின் சிக்னலைப் பிடிக்கக் கல்லூரி மாடியில் வைக்கும் ஆண்டெனா. துருவப் பாதையில் செயற்கைக்கோள் ஏறக்குறைய வடக்கு தெற்காகக் கடக்கும், ஒரு கடப்பு அதிகம் போனால் பத்துப் பன்னிரண்டு நிமிடம். அந்தத் திசைகளில் தென்னந்தோப்பு இருந்தால் தொடக்கமும் முடிவும் மட்டைகளுக்குப் பின்னாலேயே போய்விடும். செயற்கைக்கோளின் வேகத்தால், 437 மெகாஹெர்ட்ஸில் அலைவரிசை 10 கிலோஹெர்ட்ஸ் வரை மேலும் கீழும் நகரும். ரிசீவர் அதைத் துரத்தவேண்டும். நாகப்பட்டினம், வேதாரண்யம் பக்கம் என்றால் உப்புக்காற்றில் கனெக்டர் பச்சை பூத்துவிடும். சுயமாக ஒட்டும் ரப்பர் டேப்பை, மழைநீர் வழிந்தோடும்படி கீழிருந்து மேலாகச் சுற்றுங்கள்.