உங்கள் வீட்டுப் பேச்சு ஊர் வாயில் விழுந்தால்

வம்பு காதுக்கு வந்ததும் "யார் கிளப்பிவிட்டது?" என்று ஆளைத் தேடிப் போகாதீர்கள். போய்க் கேட்கும் ஒவ்வொரு வீட்டிலும், தெரியாதவருக்கும் விஷயத்தை நீங்களே சொல்லிவிட்டு வருவீர்கள். சண்டை போட்டால், "நெருப்பில்லாமல் புகையுமா" என்பவர்களுக்கு அதுவே சாட்சி.

முதல் வேலை வீட்டுக்குள். பேச்சு யாரைப் பற்றியதோ, அவரோடு தனியாக உட்காருங்கள். பெரும்பாலும் அது வீட்டுப் பெண்ணாகத்தான் இருக்கும். "மானம் போச்சு" என்று ஆரம்பித்தால் அவள் வாயே திறக்க மாட்டாள். "இப்படி ஒரு பேச்சு வந்திருக்கு. நான் உன் பக்கம்தான். என்ன நடந்ததுன்னு நீ சொல்லு" என்று கேளுங்கள். வெளியே எதைச் சொல்லலாம், எது வேண்டாம் என்பதை அவளே முடிவு செய்யட்டும். இதில் விட்டுக்கொடுக்க இடமே இல்லை. போனைப் பிடுங்குவதும் வெளியே விடாமல் வைப்பதும், ஊர் விதித்த தண்டனையை வீடே நிறைவேற்றுவதாகும்.

அடுத்து, வெளியே சொல்ல இரண்டே வரி தயார் செய்யுங்கள். உண்மையாக இருக்க வேண்டும், பழிச்சொல் அதில் வரக்கூடாது. "அவளை யாரும் வேலையை விட்டுத் துரத்தலை" என்றால் காதில் தங்குவது 'துரத்தல்' மட்டுமே. "அவளே வேலையை விட்டாள், வேறு இடம் பார்க்கிறாள்" போதும். வதந்திகளை ஆராய்ந்து 1947-இல் எழுதிய ஆல்போர்ட், போஸ்ட்மேன் என்ற உளவியலாளர்கள் இருவரும் கண்டது இது: வாய் மாற மாற விவரங்கள் உதிர்கின்றன, மிஞ்சிய ஒன்றிரண்டு கூர்மையாகின்றன. நீங்கள் தரும் நீண்ட விளக்கத்துக்கும் அதே கதிதான். அம்மா ஒன்று, சித்தப்பா ஒன்று என்று சொன்னால் அந்த இடைவெளியில் புதுக்கதை முளைக்கும். எல்லோரும் அதே வரியைச் சொல்லுங்கள்.

யாரிடம் சொல்வது? வம்பு பேசுபவரிடம் அல்ல. "அப்படியா, நிஜமா?" என்று மற்றவர்கள் யாரிடம் போய்க் கேட்பார்களோ, அந்த இரண்டு மூன்று பேரிடம், நேரில். வாட்ஸ்அப் வேண்டாம், குரல்பதிவு ஊர் சுற்றும்.

வரும் விசேஷத்துக்கு வழக்கம்போலப் போங்கள். போகாவிட்டால் ஒப்புக்கொண்டதாகவே எடுத்துக்கொள்வார்கள். யாராவது வாயைக் கிளறினால் அதே வரி, பிறகு அவர் வீட்டு நலம் விசாரிப்பு. மறுபடி கேட்டால், "அதான் சொன்னேனே அக்கா." சத்தியம் செய்வதும் பதிலுக்கு அவர் வீட்டுக் கதையை எடுப்பதும் நெருப்பில் எண்ணெய்.

பேச்சு உண்மையாகவே இருந்தால் மறுக்காதீர்கள். பொய் ஒருநாள் வெளிவந்தால், அதன்பின் நீங்கள் சொல்லும் உண்மையையும் நம்பமாட்டார்கள். "அது எங்க வீட்டு விஷயம், நாங்க பார்த்துக்கறோம்" என்று நிறுத்துங்கள்.

மிரட்டல், ஒதுக்கிவைப்பு என்று போனால், அல்லது அவள் சாப்பாடும் தூக்கமும் விட்டுப்போனால், ஊர்ப் பெரியவர்களை நம்பிக் காத்திருக்காதீர்கள். ஊருக்கு வெளியே உள்ள வக்கீலையோ மனநல ஆலோசகரையோ உடனே பாருங்கள். உயிருக்கு ஆபத்து என்றால் அவளைப் பாதுகாப்பான இடத்தில் சேர்த்துவிட்டு போலீசுக்குப் போங்கள். அந்த இடம் எதுவென்று உறவினர் யாருக்கும் தெரிய வேண்டாம்.